சிகார் வேற, சுருட்டு வேறயா?

போன மாசம் ஒரு கல்யாண வரவேற்புக்காகப் பெரிய ஓட்டல் ஒண்ணுக்குப் போயிருந்தேன். லாபியை ஒட்டி ஒரு கண்ணாடி அறை, வாசலில் ‘சிகார் லவுஞ்ச்’னு ஒரு பலகை. கூட வந்திருந்த தம்பி எட்டிப் பார்த்துட்டு, “அண்ணா, சிகார்னா சுருட்டுதானே?”ன்னு கேட்டான். ஆமாடான்னேன். “அப்புறம் ஏன் சிகார்னா சர்ச்சில் ஞாபகம் வர்றார், சுருட்டுன்னா எங்க ஊர் கருப்பசாமி ஞாபகம் வர்றார்?”

சும்மா கேட்ட கேள்விதான். ஆனா வீட்டுக்கு வந்தும் அது என்னை விடலை. அதுக்குப் பதில் தேடிப் போனதுதான் இந்த எபிசோட். ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி ஒரு வார்த்தை: புகையிலை புற்றுநோயைத் தரும். நாம இங்க பார்க்கப்போறது சொல்லோட கதையை மட்டும்தான்.

இங்கிலீஷில் சிகாருக்கு ஒரு பழைய பேர் உண்டு: ஷெரூட். இன்னிக்கு யாரும் பேச்சில் பெரிசா சொல்றதில்லை. விக்டோரியா காலத்து நாவல்களில் வரும், பிரிட்டிஷ் ராணுவக் கதைகளில் வரும். கிளின்ட் ஈஸ்ட்வுட் பழைய கௌபாய் படங்களில் வாயோரமாக் கடிச்சுக்கிட்டே திரிவாரே ஒரு ஒல்லிச் சுருட்டு, அதையும் ஷெரூட்னு எழுதுறவங்க உண்டு. இந்த ‘ஷெரூட்’ எந்த மொழியில் இருந்து வந்ததுன்னு அகராதியைப் பிரிச்சா, தமிழின் ‘சுருட்டு’க்கோ மலையாளத்தின் ‘சுருட்டு’க்கோதான் கொண்டுபோய் விடும். ரெண்டும் ஒரே வேர்.

‘ஆங்கிலத்தில் உள்ள தமிழ்ச் சொற்கள்’னு வாட்ஸ்அப்பில் ஒரு பட்டியல் சுத்துமே, கட்டுமரம், மிளகுத்தண்ணி எல்லாம் இருக்குமே, அதில் இதுவும் ஒண்ணு. எல்லாரும் ஃபார்வர்ட் பண்ணிட்டு, பெருமைப்பட்டுட்டு அடுத்த வேலையைப் பார்க்கப் போயிடுவோம். நானும் அதைத்தான் பண்ணிக்கிட்டு இருந்தேன்.

முதலில் சொல்லைப் பார்ப்போம். சுருட்டு என்பது அடிப்படையில் ஒரு வினைச்சொல். கை செய்கிற ஒரு வேலையோட பேர். பாயைச் சுருட்டுறோம். தோத்தவன் வாலைச் சுருட்டிக்கிறான். கூட்டுறவுச் சங்கப் பணத்தை எவனோ சுருட்டிட்டான்னு செய்தி வருது. சுருள், சுருட்டை முடி, சுருட்டை விரியன் எல்லாமே இந்தக் குடும்பம்தான். அதாவது புகையிலை நம்ம ஊருக்கு வர்றதுக்கு ரொம்ப முன்னாடியே இந்தச் சொல் இங்க வேலை பார்த்துக்கிட்டு இருந்தது.

புகையிலை பிறந்தது அமெரிக்கக் கண்டத்தில். அதைக் கப்பலேற்றி இந்தியாவுக்குக் கொண்டு வந்தவங்க போர்த்துக்கீசியர்கள். 1600களின் தொடக்கத்தில் பீஜப்பூரில் அது கிடைத்தது. அங்கிருந்து அசத் பேக் என்ற அதிகாரி அக்பரின் அவைக்கு எடுத்துட்டுப் போனார். அடுத்த ராஜாவான ஜஹாங்கீர் 1617-லேயே அதுக்குத் தடை போட்டார். ஒரு தலைமுறைக்குள்ளே தடை போடுற அளவுக்குப் பரவியிருக்குன்னா வேகத்தைப் பார்த்துக்கோங்க.

புது இலைக்கு நம்ம ஆட்கள் பேர் வச்ச விதம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். புகை தருகிற இலை, புகையிலை. அவ்வளவுதான். அதைச் சுருட்டினா சுருட்டு. வெளிநாட்டுப் பேரைக் கடன் வாங்கவே இல்லை. அதோட நம்ம ஊரில் சுருட்டு, பீடி எல்லாத்தையும் ‘குடிக்கிறான்’னு சொல்றோம் இல்லையா? புகையை எப்படிக் குடிப்பேன்னு சின்ன வயசில் கேட்டு எங்க தாத்தாகிட்ட திட்டு வாங்கியிருக்கேன். 1600களின் இங்கிலாந்திலும் புகையிலையைக் ‘குடிப்பது’ன்னுதான் சொல்லிக்கிட்டு இருந்தாங்க. புதுசா ஒரு பழக்கம் வந்தா, அதுக்கு ஒரு வினைச்சொல் வேணும்ல. அவங்களும் கைக்குப் பக்கத்தில் இருந்ததை எடுத்துக்கிட்டாங்க.

இப்போ தாமஸ் போரி என்ற ஆங்கிலேய வணிகர்கிட்ட போவோம். 1669 முதல் 1679 வரை வங்காள விரிகுடாவைச் சுத்தியிருந்த ஊர்களில் தொழில் பண்ணினவர். பின்னாடி மலாய் மொழிக்கும் ஆங்கிலத்துக்கும் ஒரு அகராதி போட்டவர். தான் பார்த்ததையெல்லாம் ஒரு கையெழுத்துப் பிரதியா எழுதி வச்சார். ரொம்ப காலம் கழிச்சு 1905-இல்தான் அது அச்சில் வந்தது. அதில் அவர் சொல்றதோட சாரம் இது: இங்குள்ள ஏழை மக்கள் புகையிலையை ரொம்ப மட்டமான முறையில் குடிக்கிறாங்க. வெறும் இலையைச் சுருட்டி, ஒரு முனையில் நெருப்பு வச்சு, மறுமுனையை உதட்டில் வச்சுக்கிறாங்க. உதடு சூடாகிற வரைக்கும் இழுத்துட்டு மிச்சத்தைத் தூக்கிப் போட்டுடுறாங்க. இதுக்கு ‘பங்கோ’ன்னு பேர். போர்த்துக்கீசியர்கள் ‘செரூட்டா’ங்கிறாங்க.

இதில் கவனிக்க வேண்டிய ரெண்டு விஷயம் இருக்கு. ஒண்ணு, யார் குடிக்கிறாங்கன்னு அவர் சொல்றது. ராஜா இல்லை, புலவர் இல்லை, ஏழைகள். அந்த ஏழைகளை ‘ஜென்ட்டூ’, ‘மலபார்’னு ரெண்டு பேரில் சொல்றார். மலபார்னா கேரளம்தானேன்னு அவசரப்படாதீங்க. அந்தக் காலத்து ஐரோப்பியர்கள் தமிழர்களையும் மலபார்னுதான் எழுதுவாங்க. தரங்கம்பாடியில் இருந்த சீகன்பால்கு தமிழையே மலபார் மொழின்னுதான் சொன்னார். ரெண்டாவது, சொல் போன பாதை. ஆங்கிலேயர் அதை நேரா நம்ம வாயில் இருந்து எடுக்கலை. போர்த்துக்கீசியர் வாய் வழியா எடுத்தாங்க. இலையை இங்க கொண்டு வந்தது போர்த்துக்கீசியர்கள்தான். ஆனா சுருட்டின இலைக்குப் பேரை இங்க இருந்து வாங்கிட்டுப் போனாங்க. செடி அங்கிருந்து, பேர் இங்கிருந்து. அந்தப் பேரை வச்சது ஊரில் படிச்சவங்க யாரும் இல்லை, துறைமுகத்திலும் வயலிலும் வேலை முடிச்சுட்டு ஒரு இலையைச் சுருட்டிப் பத்த வச்சவங்க.

தமிழ் இலக்கியத்தில் இது எங்க வருதுன்னு பார்த்தா ஒரு வேடிக்கை. ஹாப்சன் ஜாப்சன்னு ஒரு பிரபலமான அகராதி இருக்கு. யூல், பர்னெல்னு ரெண்டு பேர் தொகுத்து 1886-இல் வெளியிட்டது. ஆங்கிலேயர் பேச்சில் கலந்த இந்தியச் சொற்களுக்கான அகராதி. அதில் ஷெரூட்டுக்கு அவங்க காட்டுற பழைய எடுத்துக்காட்டு ஒரு தமிழ்க் கதை: வீரமாமுனிவர் எழுதின பரமார்த்த குரு கதை.

பள்ளிக்கூடத்தில் படிச்சிருப்பீங்க. குருவும் அஞ்சு சீடர்களும் ஒரு ஆத்தங்கரைக்கு வர்றாங்க. ஆறு முழிச்சிருந்தா ஆளைக் கொன்னுடும், தூங்கும்போதுதான் கடக்கணும்னு குரு சொல்றார். ஆறு தூங்குதா முழிச்சிருக்கான்னு பார்த்துட்டு வர ஒரு சீடன் போறான். கையில் ஒரு கொள்ளிக்கட்டை. தூரத்தில் நின்னு, கையை நீட்டி, கட்டையைத் தண்ணியில் வைக்கிறான். ‘சொய்ங்’னு சத்தம், குபுகுபுன்னு புகை. ஐயோ, ஆறு முழிச்சுக்கிட்டிருக்குன்னு விழுந்தடிச்சு ஓடி வர்றான். அப்புறம் அதே அணைஞ்ச கட்டையைக் கொண்டுபோய் வச்சா, சத்தமே இல்லை. ஆறு தூங்கிடுச்சு!

அந்தக் கொள்ளிக்கட்டை அவன் கைக்கு எப்படி வந்தது? நான் சின்ன வயசில் இந்தக் கேள்வியைக் கேட்டதே இல்லை. அது சுருட்டுப் பத்த வைக்கிறதுக்காக எடுத்துட்டு வந்த கட்டை. மூலக் கதையில் அப்படித்தான் இருக்கு. சின்னப் பசங்க கதைன்னு சொல்லும்போது நிறைய பேர் இந்தச் சுருட்டை நைஸா எடுத்துடுறாங்கன்னு நினைக்கிறேன்.

வீரமாமுனிவர் இத்தாலியில் பிறந்தவர், 1747-இல் காலமானவர். அப்போ கதை அதுக்கு முந்தினது. அதில் சுருட்டுக்கு எந்த விளக்கமும் கிடையாது. வழிநடையா போற ஒருத்தன் சுருட்டுக்கு நெருப்பு வச்சுக்கிட்டுப் போறது, செருப்புப் போட்டுக்கிட்டுப் போற மாதிரி சாதாரணமா வந்துட்டுப் போகுது. வெளிநாட்டு இலை வந்து நூத்தம்பது வருஷத்துக்குள்ளே கிராமத்து அன்றாடமா ஆயிடுச்சு. தீப்பெட்டி இல்லாத காலம்ங்கிறதும் ஞாபகம் வரணும். சுருட்டு வேணும்னா நெருப்பையும் கையோடு தூக்கிட்டுத்தான் நடக்கணும். இந்தக் கதை 1822-இல் லண்டனிலேயே தமிழும் ஆங்கிலமுமா அச்சானது. பாபிங்டன் என்பவர் மொழிபெயர்த்தார்.

இனி ஆங்கிலத்துக்குப் போவோம். சிகார் என்ற சொல் ஸ்பானிய ‘சிகார்ரோ’வில் இருந்து வந்தது. அது ஆங்கிலத்தில் பரவலானது 18-ஆம் நூற்றாண்டுக்கு அப்புறம்தான். முக்கியமா நெப்போலியன் காலத்தில், ஸ்பெயினில் போய்ச் சண்டை போட்ட பிரிட்டிஷ் சிப்பாய்கள் திரும்பி வந்தப்போ அந்தப் பழக்கத்தையும் கூட்டிக்கிட்டு வந்தாங்க. ஷெரூட் அதுக்கு முன்னாடியே கிழக்கே வேலை பார்த்த ஆங்கிலேயர்கிட்ட இருந்தது.

ரெண்டும் சந்திச்சப்போதான் பாகப்பிரிவினை நடந்தது. கியூபாவில் இருந்து வர்ற, ஒரு முனை மூடியிருக்கிற, வெட்டிட்டுப் பத்த வைக்க வேண்டியது சிகார். ரெண்டு முனையும் வெட்டித் திறந்திருக்கிற, அப்படியே வாயில் வைக்கக்கூடிய கிழக்கத்திய சரக்கு ஷெரூட். பிலிப்பைன்ஸில் ஸ்பானிய அரசாங்கம் 1882 வரைக்கும் புகையிலையை ஏகபோகமா வச்சிருந்தது. அங்க மணிலாவில் ஆயிரக்கணக்கான பெண்கள் ஆலைகளில் உட்கார்ந்து சுத்தினதுக்கும் ‘மணிலா ஷெரூட்’னு பேர். பர்மாவில் சுருட்டுக்குச் சொந்தமா வேற பேர் இருக்கு. ஆனா ஆங்கிலேயருக்கு அதுவும் ஷெரூட்தான். 1890-இல் கிப்ளிங் எழுதின ‘மண்டலே’ கவிதையில் ஒரு பர்மியப் பெண் பெரிய வெள்ளைச் சுருட்டு குடிச்சுக்கிட்டு உட்கார்ந்திருப்பாள். தமிழ்ச் சொல், பர்மியப் பெண், ஆங்கிலக் கவிதை. இன்னிக்கும் ஷெரூட்னு இணையத்தில் தேடினா முதலில் வர்றது பெரும்பாலும் மியான்மர் படங்கள்தான்.

நம்ம ஊர்ச் சரக்குக்கும் தனிப் பேர் இருந்தது. உறையூரில் சுத்தினது ‘திருச்சினாப்பள்ளி’. சுருக்கமா ‘டிரிச்சி’. கோதாவரி டெல்டாவில் ஆத்து நடுவே இருக்கிற திட்டுகளுக்குத் தெலுங்கில் லங்கான்னு பேர். அங்க விளைஞ்ச புகையிலையில் செய்தது ‘லங்கா’. ரெண்டையும் ஷெர்லாக் ஹோம்ஸ் கதைகளில் பார்க்கலாம். 1887-இல் வந்த முதல் நாவலில் கொலை நடந்த அறையில் கிடக்கிற சாம்பலை ஹோம்ஸ் எடுத்துப் பார்க்கிறார். கருப்பா, செதில் செதிலா இருக்கு. கொலைகாரன் திருச்சினாப்பள்ளி குடிக்கிறவன்னு சொல்லிடுறார். 1890-இல் வந்த அடுத்த நாவலில், 140 வகைப் புகையிலைச் சாம்பலைப் பத்தித் தான் ஒரு ஆய்வே எழுதியிருக்கேன்னு பீத்திக்கிறார். லங்காவும் அங்கதான் வருது.

நூத்து முப்பத்தஞ்சு வருஷத்துக்கு மேலே ஆன கதை, ஸ்பாய்லர்னு திட்டாதீங்க: அந்தக் கொலைகாரன் லண்டனில் குதிரை வண்டி ஓட்டுற ஒரு அமெரிக்கன். பிரபு இல்லை, வண்டிக்காரன். அவன் வாயில்தான் திருச்சிச் சுருட்டு. போரி பார்த்த ஏழைகள்கிட்ட இருந்து கிளம்பின சொல்லும் பொருளும் இருநூறு வருஷம் கடல் தாண்டிப் போயும் அதே படிக்கட்டில்தான் நிக்குது. சிகார் மேலே, ஷெரூட் கீழே.

சர்ச்சில் திருச்சிச் சுருட்டுதான் குடிச்சார்னு திருச்சிப் பக்கம் ஒரு கதை ரொம்பப் பிரபலம். படங்களில் நாம பார்க்கிறது பெரும்பாலும் கியூபா சரக்கு. அந்தக் கதை ஏன் நமக்கு இவ்வளவு தேவைப்படுதுங்கிறதுதான் எனக்குச் சுவாரஸ்யம். வண்டிக்காரன் குடிச்சா போதாது, பிரதமர் குடிச்சாத்தான் நமக்குப் பெருமை. சென்னையில் ஸ்பென்சர் பிளாசா தெரியும்ல? அந்த ஸ்பென்சர் கம்பெனிக்குத் திண்டுக்கல்லில் சுருட்டு ஆலை இருந்தது. அங்க சுத்தின கைகளைப் பத்திக் கதை கட்ட யாரும் இல்லை.

அந்த வாட்ஸ்அப் பட்டியல் மேலே எனக்கு இன்னொரு மனத்தாங்கலும் உண்டு. அதே கப்பல்களில், அதே போர்த்துக்கீசியர் வாய் வழியா, ‘பறையர்’ என்ற பேரும் போனது. ஆங்கிலத்தில் அது ‘ஒதுக்கித் தள்ளப்பட்டவர்’ என்ற பொருளில் இன்னிக்கு வரைக்கும் கூசாமல் புழங்குது. ஒரு மக்கள் கூட்டத்தோட பேர் வசைச்சொல்லா மாறிப் போயிருக்கு. ‘பாரு, நம்ம தமிழ் உலகம் பூரா’ன்னு சந்தோஷப்படுற பட்டியலில் அதையும் சேர்த்து ஸ்மைலி போடுறவங்க இருக்காங்க. கட்டுமரம் போனதும், சுருட்டு போனதும், இது போனதும் ஒரே வழியில்தான். கடற்கரையில் உழைச்சவங்களை ஐரோப்பியர்கள் பார்த்த வழி அது.

மத்த மொழிகளை வேகமா ஒரு சுத்து சுத்திட்டு வந்துடுவோம். வங்காளத்தில் சுருட். இந்தோனேசியாவில் செருத்து. டென்மார்க்கில் செருட். சிங்களத்தில் சுருட்டுவ. இலங்கையில் இதுக்குத் தனி வாழ்க்கையே இருந்தது. யாழ்ப்பாணத்துச் சுருட்டு தெற்கே சிங்கள ஊர்களில் நல்லா வித்தது. அங்க யாழ்ப்பாணத்து ஆட்கள் நடத்தின கடைகளுக்குச் ‘சுருட்டுக்கடை’ன்னே பேர், சாமான் எல்லாம் வித்தாலும். யாழ்ப்பாணத்துச் சுருட்டுக் கொட்டில்களில் ஒருத்தர் உரக்கப் பத்திரிகை வாசிக்க, மத்தவங்க கேட்டுக்கிட்டே சுத்துவாங்க. கியூபாவிலும் 1860களில் இருந்து இதே வழக்கம். அங்க அதுக்குச் சம்பளம் வாங்குற வாசிப்பாளரே உண்டு. கை வேலையா இருக்கும்போது காதுக்கு ஒரு குரல். இப்போ பாத்திரம் கழுவிக்கிட்டே என்னைக் கேட்டுக்கிட்டு இருக்கிறவங்களுக்குப் புரியும்.

நம்ம ஊரில் சுருட்டு ஆம்பளைங்க சமாச்சாரம் மட்டும் இல்லை. திண்ணையில் உட்கார்ந்து சுருட்டு குடிச்ச பாட்டிகள் நிறைய. ஆந்திரக் கடற்கரையில், விசாகப்பட்டினம், ஸ்ரீகாகுளம் பக்கம், பெண்கள் எரியுற முனையை வாய்க்குள்ளே வச்சுக் குடிக்கிற வழக்கம் உண்டு. ‘அட்ட பொக’ன்னு பேர். அண்ணத்தில் புற்றுநோய் வர அது முக்கியமான காரணம்னு மருத்துவர்கள் பல வருஷமா எழுதிக்கிட்டு வர்றாங்க. அப்புறம் பீடி வந்தது, சிகரெட் வந்தது. ரெண்டும் சின்னது, மலிவு, பாக்கெட்டில் அடங்கும். சுருட்டு மெல்ல ஒதுங்கிடுச்சு. இப்போ அது பெட்டிக்கடையில் விக்கிறதே பாதி படையலுக்காகத்தான் இருக்கும்.

தம்பி கேட்ட கேள்விக்குத் திரும்புவோம். பத்திரிகையில் இன்னும் ‘கியூபா சுருட்டு’ன்னுதான் எழுதுறாங்க. ஆனா பேச்சில் பாருங்க. பழைய படத்தில் மில் ஓனர் அப்பா கையில் இருந்தா அது சிகார், கிராமத்துப் பெரியவர் கையில் இருந்தா சுருட்டு. ஆங்கிலேயன் சிகாருக்கும் ஷெரூட்டுக்கும் நடுவே போட்ட கோட்டை, நாம அப்படியே எடுத்துட்டு வந்து சொந்த மொழிக்குள்ளே போட்டுக்கிட்டோம். சர்ச்சிலுக்கு ஒரு சொல், கருப்பசாமிக்கு ஒரு சொல்.

எல்லா மொழியிலும் அப்படி நடக்கலை. போர்த்துக்கீசிய மொழியில் ‘சிகார்ரோ’ன்னா சிகரெட். பெரிய சிகாருக்கு, கியூபாவோட விலை உயர்ந்த சரக்குக்கும் சேர்த்து, அவங்க சொல் ‘ஷருத்து’. நம்ம ‘ட்டு’ அவங்க வாயில் ‘த்து’. அதாவது நம்ம ஏழைகளோட சொல் அங்க மேல்படியில் இருக்கு, ஸ்பானியச் சொல் கீழ்ப்படியில். பிரேசிலுக்குப் போன லெபனான் மக்கள் முட்டைக்கோஸ் இலையில் அரிசியும் கறியும் வச்சுச் சுருட்டிச் சமைக்கிற பண்டத்துக்கும் அங்க ‘ஷருத்து’ன்னுதான் பேர். புகையிலை போயிடுச்சு, சுருட்டுற வேலை மட்டும் மிஞ்சியிருக்கு. கிளம்பின இடத்துக்கே திரும்பி வந்த மாதிரி.

பிரேசிலில் உம்பண்டான்னு ஒரு வழிபாடு இருக்கு. ஆப்பிரிக்காவில் இருந்து அடிமைகளா இழுத்துட்டு வரப்பட்டவங்களோட தெய்வங்கள், அங்குள்ள பழங்குடி ஆவிகள், கத்தோலிக்கப் புனிதர்கள் எல்லாம் கலந்தது. அதில் எஷு என்ற தெய்வத்துக்கு நாற்சந்தியில் படையல் வைப்பாங்க. கரும்புச் சாராயம், கூடவே பத்த வச்ச ஒரு ஷருத்து.

நம்ம கருப்பசாமிக்கும் முனீஸ்வரனுக்கும் ஊர் எல்லையில் என்ன வைக்கிறோம்னு உங்களுக்கே தெரியும். தம்பிக்கு அந்தப் படத்தைத்தான் அனுப்பி வச்சேன். “அண்ணா, இது எந்த ஊர் கோயில்?”னு பதில் வந்திருக்கு.

அடுத்த வாரம் பார்ப்போம்.